எல்லா போனுக்கும் ஒரே செட்டிங்ஸா?

ஆசிரியர் அவர்களுக்கு வணக்கம்.

சோனியின் பழைய கைக்கருவியான பி.எஸ்.பி.யின் விளையாட்டுகளைப் போனில் ஆடுவது எப்படி என்று தங்கள் தொழில்நுட்பப் பக்கத்தில் வந்த கட்டுரை பற்றி எழுதுகிறேன். பி.பி.எஸ்.எஸ்.பி.பி. (PPSSPP) என்ற எமுலேட்டரை, அதாவது பி.எஸ்.பி.யைப் போனில் நடித்துக்காட்டும் செயலியை, வாசகர்களுக்கு அறிமுகம் செய்ததில் குறை சொல்ல ஒன்றுமில்லை. கட்டுரையின் பாதியை அடைத்துக்கொண்டிருந்த ‘சிறந்த செட்டிங்ஸ்’ பட்டியல்தான் தொல்லை. ஃபிரேம் ஸ்கிப்பிங் 2, ஸ்கிப் பஃபர் எஃபெக்ட்ஸ் ஆன், ரெசல்யூஷன் 5 மடங்கு, டெக்ஸ்சர் அப்ஸ்கேலிங் 5 மடங்கு, சி.பி.யு. கிளாக் 333. இணையத்தில் ஆண்டுக்கணக்காகக் கைமாறிக்கொண்டிருக்கும் பட்டியல் இது. இதில் பாதி, போனின் சுமையைக் கூட்டுகிறது. மீதி, அந்தச் சுமையைக் குறைப்பதற்காகப் படத்தைக் கெடுக்கிறது. இரண்டையும் சேர்த்து ஆன் செய்யச் சொல்வது பிரேக்கையும் ஆக்சிலரேட்டரையும் ஒன்றாக மிதிக்கச் சொல்வதுதான்.

பி.எஸ்.பி. 2004 டிசம்பரில் ஜப்பானில் வெளிவந்த கைக்கருவி. 4.3 அங்குலத் திரை, 480க்கு 272 புள்ளிகள், அதிகபட்சம் 333 மெகாஹெர்ட்ஸில் ஓடும் பிராசசர், முதல் மாடலில் 32 எம்.பி. ரேம். அவ்வளவுதான். ஹென்ரிக் ரிட்கோர்ட் 2012 நவம்பரில் வெளியிட்டு, இன்றுவரை பலர் சேர்ந்து செதுக்கிவரும் இந்த எமுலேட்டருக்கு, நடுத்தர விலைப் போன் ஒன்றில் அந்தக் கருவியை நடித்துக்காட்டுவது பெரிய வேலையே இல்லை. போட்டவுடன் இருக்கும் செட்டிங்ஸே பெரும்பாலான விளையாட்டுகளுக்குப் போதும். கை வைக்க வேண்டியது வேறு இடத்தில். அதைக் கட்டுரை ஒரு வரியில் தாண்டிப் போய்விட்டது.

முதலில், செயலியை எங்கிருந்து எடுப்பது. பிளே ஸ்டோரில் உள்ள அசல் பதிப்பு, அல்லது பி.பி.எஸ்.எஸ்.பி.பி. டாட் ஓ.ஆர்.ஜி. என்ற அதன் சொந்தத் தளம், இரண்டில் ஒன்று. நீல ஐகான் இலவசம், தங்க ஐகான் காசுக்கு. இரண்டும் உள்ளே ஒன்றே. தங்கத்துக்கு மாறினால் வேகம் கூடும் என்று நம்ப வேண்டாம், அந்தக் காசு உருவாக்கியவர்களுக்கான ஆதரவு. மூல நிரல் திறந்த உரிமத்தில் இருப்பதால் அதை எடுத்து விளம்பரத்தைத் திணித்து வேறு பெயரில் விடுபவர்கள் உண்டு. ‘விளையாட்டுகளும் உள்ளேயே இருக்கின்றன’ என்று சொல்லும் எதையும் தொடாதீர்கள். அதேபோல ‘பி.எஸ்.பி. பயோஸ் ஃபைல்’ ஒன்றை இறக்கச் சொன்னால் அந்தப் பக்கத்தை மூடிவிடலாம். இந்த எமுலேட்டர், கருவியின் இயக்க மென்பொருள் செய்யும் வேலைகளைத் தானே எழுதி வைத்திருக்கிறது. பயோஸ் தேவையே இல்லை.

இனி, அந்த ஒரு வரி. முதன்முறை திறந்ததும், பி.எஸ்.பி.யின் மெமரி ஸ்டிக்காக எந்த ஃபோல்டரை வைத்துக்கொள்வது என்று செயலி கேட்கும். ஒன்று, நீங்களே ஒரு ஃபோல்டரைக் காட்டுவது. இன்னொன்று, செயலியின் சொந்த இடத்திலேயே வைத்துக்கொள்ளச் சொல்வது. இரண்டாவதைத் தொட்டால் ஒரு சொடுக்கில் வேலை முடிந்துவிடும் என்பதால் பலரும் அதைத்தான் தொடுகிறார்கள். செயலியை நீக்கும் அன்று அந்த இடத்தையும் ஆண்ட்ராய்டு சேர்த்தே துடைத்துவிடும். நாற்பது மணி நேரம் ஆடிச் சேர்த்த சேவ் அத்தனையும் போகும். கட்டுரை கடைசியில் என்ன சொல்லியிருந்தது? ‘சிக்கல் வந்தால் செயலியை நீக்கிவிட்டு மீண்டும் போடுங்கள்.’

ஆகவே முதல் வழியைத் தேர்ந்தெடுங்கள். அதிலும் ஒரு முடிச்சு உண்டு. ஆண்ட்ராய்டு 11 முதல், உள் நினைவகத்தின் மேல்மட்டத்தையோ டவுன்லோட் ஃபோல்டரையோ முழுதாக ஒரு செயலியிடம் ஒப்படைக்க முடியாது. அங்கே போய் நின்றால் ‘இந்த ஃபோல்டரைப் பயன்படுத்து’ என்ற பட்டன் மங்கிக் கிடக்கும். போன் பழுது என்று நினைக்க வேண்டியதில்லை. ஃபைல் மேனேஜரில் ‘விளையாட்டு’ என்று ஒரு புது ஃபோல்டர் உருவாக்கி, அதைக் காட்டினால் போதும். அதற்குள் பி.எஸ்.பி. என்ற ஃபோல்டரும் அதற்குள் சேவ்டேட்டா, சிஸ்டம் முதலியவையும் தாமாக உருவாகும். ஏற்கெனவே செயலியின் சொந்த இடத்தைத் தேர்ந்தவர்கள் செட்டிங்ஸில் சிஸ்டம் பகுதிக்குப் போய் மெமரி ஸ்டிக் ஃபோல்டரை மாற்றலாம். இருக்கிற தரவையும் அதுவே நகர்த்தித் தரும். அதுவரை செயலியை நீக்காதீர்கள்.

விளையாட்டு ஃபைல் விஷயத்தில் கட்டுரை மௌனம் காத்தது, அது சரியில்லை. எமுலேட்டர் எழுதுவது சட்டவிரோதம் அல்ல என்பதை எமுலேட்டர் எழுதிய கனெக்டிக்ஸ் நிறுவனத்தின் மேல் சோனி தொடுத்த வழக்கில் 2000ஆம் ஆண்டு அமெரிக்க மேல்முறையீட்டு நீதிமன்றமே ஏற்றது. விளையாட்டை ஊரான் தளத்தில் இறக்குவது வேறு கதை. உங்களிடம் யு.எம்.டி. வட்டும் (பி.எஸ்.பி. விளையாட்டுகள் வந்த சிறு வட்டு) ஓடுகிற பி.எஸ்.பி.யும் இருந்தால், வட்டிலிருந்து நீங்களே எடுக்கலாம். கருவியில் 6.61 பதிப்புக்கான கஸ்டம் ஃபர்ம்வேர், அதாவது ஆர்வலர்கள் மாற்றி எழுதிய இயக்க மென்பொருள், இருக்க வேண்டும். வட்டைப் போட்டு, முகப்புத் திரையில் செலக்ட் பட்டனை அழுத்தினால் ஒரு சிறு பட்டியல் வரும். அதில் யு.எஸ்.பி. டிவைஸ் என்ற வரியை மெமரி ஸ்டிக்கிலிருந்து யு.எம்.டி. டிஸ்க் என்று மாற்றுங்கள். பிறகு கணினியில் கேபிளை மாட்டி, கருவியில் யு.எஸ்.பி. இணைப்பை ஆன் செய்தால், வட்டு முழுதும் ஒரே ஐ.எஸ்.ஓ. ஃபைலாகத் தெரியும். அதை அப்படியே நகலெடுத்தால் முடிந்தது. பாதியில் கேபிள் அசைந்தால் ஃபைல் குறையாக வரும், விளையாட்டு நடுவில் எங்கோ ஒரு காட்சியில் கருந்திரையாக நிற்கும். எனவே கணினியில் தெரிந்த அளவும் போனில் வந்துசேர்ந்த அளவும் ஒன்றுதானா என்று ஒரு முறை பார்த்துவிடுங்கள். பழைய பி.எஸ்.பி. பேட்டரிகள் உப்பிப் போவது வழக்கம். பின்மூடி தூக்கிக்கொண்டிருந்தால் பேட்டரியைக் கழற்றி, சார்ஜரில் மட்டும் ஓட்டிப் பாருங்கள்.

வட்டு இல்லாதவர்கள் வெறுங்கையோடு திரும்ப வேண்டியதில்லை. செயலிக்குள்ளேயே ஹோம்புரூ ஸ்டோர் என்று ஒன்று இருக்கிறது. ஆர்வலர்கள் எழுதிய இலவச விளையாட்டுகளை அங்கிருந்து நேராகப் போடலாம். வட்டு இருப்பவர்களும் முதலில் இதில் ஒன்றைப் போட்டுப் பார்ப்பது நல்லது. அது ஓடி, உங்கள் விளையாட்டு ஓடவில்லை என்றால் கோளாறு ஃபைலில் என்பது ஐந்து நிமிடத்தில் தெரிந்துவிடும்.

பட்டியலில் விளையாட்டே தெரியவில்லை என்றால் பெரும்பாலும் ஃபைல் இன்னும் ஜிப் அல்லது ரார் பொட்டலத்துக்குள் இருக்கும். பிரித்து எடுத்து ஐ.எஸ்.ஓ., சி.எஸ்.ஓ., பி.பி.பி. இவற்றில் ஒன்றாக ஃபோல்டரில் வையுங்கள். இடம் போதாதவர்கள் கணினியில் ஐ.எஸ்.ஓ.வைச் சி.எஸ்.ஓ.வாகச் சுருக்கலாம். எமுலேட்டரின் 1.17 பதிப்பு முதல் சி.எச்.டி. என்ற இன்னொரு சுருக்கிய வகையும் ஓடுகிறது, அப்படி மாற்றும்போது டி.வி.டி. வகையாக மாற்ற வேண்டும், சி.டி. வகையாக அல்ல. யு.எம்.டி. வட்டு இரண்டு அடுக்கு சேர்ந்தே 1.8 ஜி.பி.தான் கொள்ளும் என்பதால், 4 ஜி.பி.க்கு மேல் ஒரே ஃபைலை ஏற்காத பழைய ஃபேட் 32 மெமரி கார்டிலும் தடையில்லை.

இப்போது அந்தப் பட்டியலுக்கு வருவோம். எதையும் மாற்றும் முன் செய்ய வேண்டிய ஒரே காரியம், கிராஃபிக்ஸ் பகுதியில் வேகத்தையும் ஃபிரேம் எண்ணிக்கையையும் (நொடிக்கு எத்தனை படம் வரையப்படுகிறது என்பதை) திரையில் காட்டச் சொல்வது. மூலையில் இரண்டு எண்கள் வரும். வேகம் 100 சதவீதம், ஃபிரேம் 30 என்று நின்றால் எந்தக் குறையும் இல்லை. பி.எஸ்.பி. விளையாட்டுகளில் நிறைய 30 ஃபிரேமுக்கே எழுதப்பட்டவை. இந்த 30ஐப் பார்த்துவிட்டு, போன் பாதி வேகத்தில் ஓடுகிறது என்று பதறி மற்றதை எல்லாம் கிளறுவதில்தான் முக்கால்வாசி வம்பு தொடங்குகிறது. கவலைப்பட வேண்டியது வேகம் 100க்குக் கீழே இறங்கும்போது மட்டும். ஒலி கரகரப்பதும் பெரும்பாலும் அதே காரணத்தால்தான். வேகம் 100க்குக் கீழே இறங்கினால், ஒலிக்கு வேண்டிய தரவு நேரத்துக்கு வந்துசேராது. ஆடியோ செட்டிங்ஸைத் திருகி அதைச் சரிசெய்ய முடியாது.

வேகம் இறங்கினால் முதல் சோதனை ரெசல்யூஷன். 1 மடங்கு என்றால் அசல் பி.எஸ்.பி.யின் 480க்கு 272, அதாவது ஒரு ஃபிரேமுக்கு 1,30,560 புள்ளிகள். 2 மடங்கில் 5,22,240. 4 மடங்கில் 20,88,960, அதாவது பதினாறு மடங்கு வேலை. 1080 வரிப் போன் திரையின் உயரத்தை 4 மடங்கே நிரப்பிவிடும். 5 மடங்கில் வரைந்து பிறகு சுருக்கிக் காட்டுவதில் கண்ணுக்குக் கிடைப்பது சொற்பம், சூடு மட்டும் நிச்சயம். ஆறு அங்குலத் திரைக்கு 2 அல்லது 3 மடங்கு தாராளம். கூர்மைக்காக வேகத்தைப் பறிகொடுப்பது கண்ணை விற்றுச் சித்திரம் வாங்குகிற கதை.

1 மடங்குக்கு இறக்கியதும் வேகம் 100க்கு ஏறினால் குறை கிராஃபிக்ஸ் சிப்பில். அங்கிருந்து ஒவ்வொரு படியாக ஏற்றி, தாங்குகிற இடத்தில் நிறுத்துங்கள். இறக்கியும் வேகம் அசையவில்லை என்றால் குறை பிராசசரில். போன் பேட்டரி சேவரில் இருக்கிறதா என்று பாருங்கள், பாதிப் பேருக்கு விடை அங்கேயே கிடைக்கும். அடுத்து டெவலப்பர் பகுதியில் சி.பி.யு. கோர் ‘டைனாரெக்’ என்று இருக்கிறதா என்று பாருங்கள். விளையாட்டின் நிரலைப் போனின் மொழிக்கு மொழிபெயர்த்து ஓட்டும் வேகமான முறை அது. எங்கோ படித்து அதை, ஒவ்வொரு கட்டளையாகப் படித்துச் செய்யும் இன்டர்பிரட்டருக்கு மாற்றியிருந்தால் எந்தப் போனும் மண்டியிடும். மூன்றாவது வகை: முதல் கால் மணி நேரம் நன்றாக ஓடி, பிறகு தொய்ந்து போவது. அது சூடு. சிப் தன்னைக் காத்துக்கொள்ளத் தானே வேகத்தைக் குறைத்துக்கொள்கிறது. உறையைக் கழற்றுங்கள், சார்ஜ் போட்டுக்கொண்டே ஆடாதீர்கள், ரெசல்யூஷனில் ஒரு படி இறங்குங்கள்.

டெக்ஸ்சர் அப்ஸ்கேலிங் தனிப் பூதம். சுவர், முகம், புல் என்று விளையாட்டு ஒவ்வொரு புதுப் படத்தை எடுக்கும்போதும் அதைப் பிராசசர் நீள அகலத்தில் ஐந்து மடங்காக, அதாவது இருபத்தைந்து மடங்கு புள்ளிகளாக வரைந்து தருகிறது. ஒரு அறையிலிருந்து மற்றொன்றுக்குள் நுழையும்போது படம் சட்டென்று உறைந்து நிற்கிறதே, அது இதனால்தான். ஆஃப் செய்யுங்கள்.

ஸ்கிப் பஃபர் எஃபெக்ட்ஸ் என்பது என்ன என்று பட்டியல் போடுபவர்கள் யாரும் சொல்வதில்லை. நிழல், கண்ணாடிப் பிம்பம், வேகத்தில் மங்கும் காட்சி இவற்றையெல்லாம் விளையாட்டு முதலில் திரைக்குப் பின்னால் தனியாக வரைந்து வைத்து, பிறகு திரையில் ஒட்டும். அந்தப் பின்கட்டு வேலையைச் செய்யாதே என்பதுதான் இந்த செட்டிங்ஸ். சில விளையாட்டுகளில் வேகம் கூடும் என்பது உண்மை. சிலவற்றில் நிழல் காணாமல் போகும், சிலவற்றில் முழுத் திரையும் கருப்பாகும். மிகப் பழைய போனில், அதுவும் குறிப்பிட்ட ஒரு விளையாட்டுக்கு மட்டும், கடைசி ஆயுதமாகத் தொடலாம். ஃபிரேம் ஸ்கிப்பிங் 2ம் இப்படித்தான். 30 ஃபிரேம் விளையாட்டில் ஒன்றை வரைந்து இரண்டை விட்டுவிட்டால் கண்ணுக்கு வருவது ஏறக்குறைய 10. மூலையில் வேகம் 100 சதவீதம் என்று இருக்கும்; திரையில் ஓடுவதோ படக்கதை.

333 கிளாக் என்பது உங்கள் போனின் வேகம் அல்ல, எமுலேட்டர் நடித்துக்காட்டும் பி.எஸ்.பி.யின் வேகம். வழக்கமாக 222இல் ஓடும்படி எழுதப்பட்ட விளையாட்டை 333இல் ஓட்டச் சொன்னால் போனுக்குத்தான் வேலை கூடும். அசல் கருவியிலேயே திணறிய சில விளையாட்டுகளுக்கு இது உதவும், மற்றவற்றில் நேரக் கணக்குக் குழம்பவும் கூடும்.

வல்கனா, ஓபன்ஜிஎல்லா? எமுலேட்டர் போனின் கிராஃபிக்ஸ் சிப்பிடம் படம் வரையச் சொல்லும் இரண்டு வழிகள் இவை. எது நல்லது என்பதற்கு ஒரே பதில் கிடையாது, போனின் கிராஃபிக்ஸ் டிரைவரைப் பொறுத்தது. இருப்பதில் ஓடினால் விட்டுவிடுங்கள். கோடு கோடாகத் தெரிந்தாலோ செயலி மூடிக்கொண்டாலோ மற்றதற்கு மாற்றுங்கள். ஒரு நுணுக்கம்: ஒருமுறை வல்கன் தொடங்கும்போதே செயலி விழுந்துவிட்டால், அடுத்த முறை அதைத் தவிர்க்கும்படி ஒரு சிறு டெக்ஸ்ட் ஃபைலில் குறித்து வைத்துக்கொள்ளும். டிரைவரை அப்டேட் செய்த பிறகும் வல்கன் ஏற மறுத்தால் செட்டிங்ஸில் அதை மீண்டும் தேர்ந்தெடுத்துப் பாருங்கள்.

இவ்வளவையும் மீறி ஒரு விளையாட்டுக்குத் தனிச் சலுகை வேண்டியிருந்தால், எல்லாவற்றுக்கும் பொதுவான செட்டிங்ஸைத் தொடாதீர்கள். அந்த விளையாட்டின் படத்தை நீண்ட நேரம் அழுத்தினால் அதன் விவரப் பக்கம் வரும். ‘கிரியேட் கேம் கான்ஃபிக்’ என்று இருக்கும். அதற்குள் மாற்றுவது அந்த விளையாட்டோடு நிற்கும். பட்டியல் போட வேண்டுமென்றால் இந்த ஒன்றைத்தான் பட்டியலில் முதலாவதாகப் போட்டிருக்க வேண்டும்.

பட்டன் அமைப்பில் ஒரு கணக்கு. இன்றைய போன் திரை 2400க்கு 1080 என்றால், பி.எஸ்.பி. படம் உயரம் முழுதும் நிரம்பிய பிறகும் இரு பக்கமும் சுமார் 247 புள்ளி அகலத்துக்கு இடம் மிஞ்சும். அதைக் கருப்பாக விடப் பிடிக்காமல் படத்தை இழுத்து நிரப்பினால் ஓட்டுகிற கார் எல்லாம் தட்டையாகும். அந்த ஓரத்தைக் கட்டைவிரலுக்குக் கொடுங்கள். டச் கன்ட்ரோல் அமைப்பில் இடப்பக்கம் அனலாகையும் (எல்லாத் திசையிலும் நகரும் ஸ்டிக்) வலப்பக்கம் நான்கு பட்டன்களையும் ஓரத்துக்குத் தள்ளினால் விரல் காட்சியை மறைப்பது பெரிதும் குறையும். பி.எஸ்.பி.க்கு அனலாக் ஒன்றுதான், வெளிக் கன்ட்ரோலர் மாட்டினால் அதன் வலது ஸ்டிக் சும்மா இருப்பது கோளாறு அல்ல. ப்ளூடூத் ஹெட்போனில் ஒலி பின்தங்கினால் அது ப்ளூடூத்தின் குணம். தாளத்துக்கு ஏற்ப அழுத்த வேண்டிய விளையாட்டுகளைக் கம்பி ஹெட்போனில் ஆடுங்கள். ஜப்பான் பதிப்புகளில் எக்ஸுக்குப் பதில் வட்டம்தான் ‘சரி’ என்பதும் புதியவர்களைத் திகைக்க வைக்கும்.

சேவ் பற்றி அவசியம் சொல்ல வேண்டும். விளையாட்டுக்குள்ளேயே இருக்கும் சேவ் ஒன்று, எமுலேட்டரின் சேவ் ஸ்டேட் ஒன்று. ஸ்டேட் என்பது அந்த நொடியின் மொத்த நினைவகத்தையும் உறைய வைத்த நகல். வசதிதான், ஆனால் எமுலேட்டர் பதிப்பு மாறும்போது அது திறக்காமல் போகலாம், அந்த நொடியில் இருந்த கோளாறும் சேர்ந்தே உறைந்திருக்கும். இன்னொரு பொறி: போன வாரத்து ஸ்டேட்டைத் திறந்தால் விளையாட்டு போன வாரத்துக்கே போய்விடும். அதற்கு ஆட்டோ சேவ் இருந்தால், நேற்றைய சேவின் மேல் போன வாரத்தை எழுதிவிடும். ஆகவே தினமும் விளையாட்டுக்குள்ளேயே சேவ் செய்யுங்கள். போன் மாற்றும்போது சேவ்டேட்டா ஃபோல்டரை நகலெடுத்துப் புதுப் போனில் அதே இடத்தில் வைத்தால் போதும். சேவ் தெரியவில்லை என்றால் விளையாட்டின் குறியீட்டைப் பாருங்கள். யு.எல்.யு.எஸ். என்று தொடங்கினால் அமெரிக்கப் பதிப்பு, யு.எல்.இ.எஸ். என்றால் ஐரோப்பியப் பதிப்பு; பெரும்பாலும் ஒன்றின் சேவ் மற்றதற்குத் தெரியாது.

ஐபோன் வாசகர்களுக்கு: எமுலேட்டர்களை ஆப் ஸ்டோரில் விடாத விதியை ஆப்பிள் 2024 ஏப்ரலில் தளர்த்தியது, மே மாதமே இந்தச் செயலி ஆப் ஸ்டோருக்கு வந்துவிட்டது. நிரலை அந்தக் கணமே மொழிபெயர்த்து ஓட்டும் ஜிட் முறைக்கு ஆப் ஸ்டோர் செயலிகளில் அனுமதி இல்லாததால் வேகம் சற்றுக் குறைவு. புது ஐபோன்களில் அது பொருட்டல்ல, பழையவற்றில் கனமான விளையாட்டுகள் திணறும்.

கட்டுரையைப் பார்த்துப் பட்டியல் முழுதையும் ஏற்கெனவே போட்டுவிட்ட வாசகர்களுக்காக ஒரு திருத்தக் குறிப்பைத் தாங்கள் வெளியிட வேண்டும். செட்டிங்ஸில் சிஸ்டம் பகுதியில் எல்லாவற்றையும் தொடக்கநிலைக்குத் திருப்பும் பட்டன் இருக்கிறது. அதை அழுத்தினால் பட்டியல் போய்விடும், சேவ் போகாது. செயலியை நீக்கத் தேவையில்லை. அதற்கு முன் மெமரி ஸ்டிக் ஃபோல்டர் எங்கே இருக்கிறது என்று ஒரு முறை பார்த்துக்கொள்ளச் சொல்லுங்கள்.

இப்படிக்கு,
தங்கள் வாசகர்